கடித்தது எந்தப் பாம்பு?

வேளாண்மை வெட்டுக் காலம் வந்தால் எங்கள் பக்கத்து வட்டைகளில் பாம்புக்கடிப் பேச்சும் கூடவே வந்துவிடும். சுபஹ் தொழுதுவிட்டு வயலுக்குப் போனவரின் கணுக்காலில் சுருக்கென்று ஏதோ படும். குனிந்து பார்ப்பதற்குள் வால் வைக்கோலுக்குள் மறைந்துவிடும். வரம்பில் கூடியவர்கள் இரண்டு கட்சியாகப் பிரிவார்கள். “உடனே ஆஸ்பத்திரிக்கு ஏத்துங்க” என்பார் ஒருவர். “நம்மட மச்சானப் பாம்பு கடிச்சி, பரிசாரி ஒரு உருண்டைதான் குடுத்தாரு. மூணாம் நாள் எழும்பி வயலுக்குப் போயிட்டாரு” என்பார் இன்னொருவர். அவர் பொய் சொல்லவில்லை. மருதமுனை, பெரியநீலாவணை, நற்பிட்டிமுனை என்று எந்த ஊரில் கேட்டாலும் இப்படிப் பிழைத்த ஒருவரைக் காட்டுவார்கள். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயும் மௌத்தான ஒருவரையும் அதே ஊரில் சொல்வார்கள்.

கண்ணால் கண்ட சாட்சி இரண்டு பக்கமும் இருக்கும்போது எதை நம்புவது? இந்தச் சிக்கலை ஏறத்தாழ 240 ஆண்டுகளுக்கு முன்னர், வங்கக் கடலின் மேற்குக் கரையில், ஸ்கொட்லாந்து வைத்தியர் ஒருவர் எடுத்து ஆராய்ந்தார். அவர் பெயர் பட்ரிக் ரஸ்ஸல். எங்கள் வயல்களில் ஆட்களைக் கொல்லும் கண்ணாடி விரியனுக்கு, வடக்கே புடையன் என்று சொல்லும் அதே பாம்புக்கு, உலகம் முழுதும் வழங்கும் விஞ்ஞானப் பெயரில் இருப்பது இவர் பெயர்தான்.

ரஸ்ஸல் எடின்பரோ நகரத்தில் பிறந்து அங்கேயே மருத்துவம் படித்தார். 1750இல் சிரியாவின் ஹலப் நகரத்துக்கு, ஐரோப்பியர் அலெப்போ என்று அழைத்த ஊருக்கு, தன் அண்ணன் அலெக்சாண்டரிடம் போய்ச் சேர்ந்தார். அலெக்சாண்டர் அங்கே ஆங்கிலேய வணிகர்களின் வைத்தியராக இருந்தார். 1753இல் அவர் ஊர் திரும்பியதும் அந்தப் பொறுப்பு தம்பிக்கு வந்தது. ஏறத்தாழ இருபது ஆண்டுகள் ஹலபில் இருந்த பட்ரிக்கை நகரத்து மக்கள் தங்களில் ஒருவராகவே மதித்தார்கள். தலைப்பாகை அணிந்துகொள்ளும் மரியாதையை ஹலபின் பாஷா அவருக்கு வழங்கினார்.

1760 முதல் 1762 வரை ஹலபைக் கொள்ளைநோய் வாட்டியது. பிளேக் எப்படிப் பரவுகிறது என்று அன்று யாருக்கும் தெரியாது. ரஸ்ஸல் வீட்டு ஜன்னலில் நின்றபடி, தெருவில் நின்ற நோயாளிகளைப் பார்த்து மருந்து சொன்னார். கூடவே யாருக்கு எந்த நாளில் என்ன அறிகுறி வந்தது, யார் பிழைத்தார், யார் இறந்தார் என்று குறிப்பெழுதி வந்தார். கொள்ளைநோய் பற்றிய அவருடைய பெரிய நூல் 1791இல்தான் வெளிவந்தது. அவசரப்பட்டு ஒரு கருத்தைச் சொல்லிவிடாமல், பார்த்ததைப் பார்த்தபடி குறித்து வைக்கும் இந்தப் பழக்கம்தான் பிற்காலத்தில் பாம்பு விஷயத்திலும் அவருக்குக் கைகொடுத்தது என்று நான் நினைக்கிறேன்.

ஹலபில் அவர் செய்த இன்னொரு வேலையும் எங்களுக்கு முக்கியமானது. பெரியம்மை வராமலிருக்க, அம்மை கண்ட குழந்தையின் கொப்புளத்திலிருந்து சிறிது எடுத்து நலமுள்ள குழந்தைக்கு ஊசியால் குத்தி ஏற்றும் வழக்கம் பெதூயின் அரபுகளிடம் இருப்பதாக வயதான அரபுப் பெண் ஒருத்தி மூலம் அவருக்குத் தெரியவந்தது. கேள்விப்பட்டதோடு அவர் நிற்கவில்லை. வேறு ஊர்களிலிருந்து வந்தவர்களிடமும் விசாரித்தார். அந்த வழக்கம் பாலைவனத்து அரபுகளிடையே நெடுங்காலமாக, பரவலாக இருப்பது உறுதியானது. அதை அவர்கள் ‘அம்மை வாங்குதல்’ என்றார்கள். ஊசி போடவேண்டிய குழந்தை கையில் பேரீச்சம்பழமோ முந்திரிகை வற்றலோ கொண்டுபோய், அம்மை கண்ட குழந்தையிடம் கொடுத்து, “இதற்கு எத்தனை அம்மை தருவாய்?” என்று கேட்கும். இந்தச் செய்தியை ரஸ்ஸல் எழுதி அனுப்ப, 1768இல் லண்டன் ரோயல் சொசைட்டியின் சஞ்சிகையில் அது வெளியானது. ஊர்வழக்கம் என்று ஒதுக்கவும் இல்லை, ஊர்வழக்கம் என்பதற்காகவே நம்பவும் இல்லை. விசாரித்தபின் எழுதினார்.

1781இல் தம்பி கிளோட் ரஸ்ஸல் கிழக்கிந்தியக் கம்பனியின் அதிகாரியாக விசாகபட்டினம் வந்தபோது பட்ரிக்கும் உடன் வந்தார். சென்னை மாகாணத்தின் இயற்கையியலாளராக இருந்த கோனிக் 1785இல் இறந்ததும் கம்பனி அந்தப் பதவியை இவருக்குக் கொடுத்தது. செடிகளைப் பற்றி ஆராய்வதே அதன் முதல் வேலை. ஆனால் பாம்பு கடித்து வருகிறவர்கள் ஏராளம். அவர்களைப் பார்க்கும் வைத்தியர்களிடமோ எந்தப் பாம்பு நஞ்சுள்ளது, எது இல்லாதது என்ற அடிப்படை அறிவே இல்லை. எனவே பாம்புகளைத் தேடிச் சேர்க்கத் தொடங்கினார். அவற்றை அடையாளம் சொன்னவர்கள் ஊர்ச் சனங்கள். ஒவ்வொரு பாம்புக்கும் அவர்கள் சொன்ன தெலுங்குப் பெயரையே அவர் எழுதி வைத்தார். கண்ணாடி விரியன் அவருடைய நூலில் ‘கட்டுக ரெக்குல பொட’ என்றே இருக்கிறது. நல்லபாம்புக்கு அடுத்த கொடிய பாம்பு இது என்றும் குறித்தார்.

அவர் தேடியது ஓர் எளிய விதி. பார்த்த மாத்திரத்தில் நஞ்சுள்ளது, இல்லாதது என்று யாரும் சொல்லிவிடக்கூடிய ஒரு வெளி அடையாளம். அந்தக் காலத்து அறிஞர்கள் வயிற்றுச் செதில்களையும் வாலடிச் செதில்களையும் எண்ணிப் பாம்புகளைப் பிரித்தார்கள். ரஸ்ஸலும் எண்ணினார். நிறம், தலையின் வடிவம், உடலின் பருமன் எல்லாவற்றையும் பார்த்தார். எதுவும் எல்லாப் பாம்புக்கும் பொருந்தவில்லை. வாயைத் திறந்து நச்சுப்பல்லைக் காண்பதைத் தவிர நம்பகமான வழி கிடைக்கவில்லை. இன்றும் நிலைமை அதுதான். வெங்கிணாந்திக் குட்டியைக் கண்ணாடி விரியன் என்று அடித்துக் கொல்கிறார்கள். கண்ணாடி விரியனை வெங்கிணாந்திக் குட்டி என்று நம்பிக் கையால் தூக்குகிறவர்களும் இருக்கிறார்கள். ‘தலை முக்கோணமாக இருந்தால் விஷம்’ என்ற பேச்சை நம்பவே கூடாது. நல்லபாம்பின் தலையும் கட்டுவிரியனின் தலையும் முக்கோணமில்லை.

ஆனால் விதியைத் தேடிய வழியில் வேறொன்று தெளிவானது. சேர்த்த பாம்புகளில் நச்சுப்பல் உள்ளவை சிலதான், பெரும்பாலானவற்றுக்கு நஞ்சே இல்லை. அப்படியானால் மருந்து தின்று பிழைத்தவர்களில் பெரும்பகுதியினர், மருந்து தின்னாவிட்டாலும் பிழைத்திருக்கக்கூடியவர்கள்.

இந்த இடத்தில்தான் தஞ்சாவூர் மாத்திரை வருகிறது. அந்தக் காலத்தில் சென்னை மாகாணத்தில் பெரும் புகழ்பெற்ற பாம்புக்கடி மருந்து அது. வெள்ளைப் பாஷாணம், அதாவது ஆர்செனிக், அதில் முக்கியமான சரக்கு. உள்ளூர் மக்கள் மட்டுமல்ல, ஐரோப்பியரும் அதை நம்பினார்கள். பிழைத்தவர்களின் கதைகளுக்குக் குறைவில்லை. கதைகளை எண்ணிப் பயனில்லை என்று ரஸ்ஸலுக்குத் தெரிந்தது. நாய்களையும் கோழிகளையும் நஞ்சுள்ள பாம்பு என்று தானே உறுதிசெய்த பாம்பால் கடிக்க வைத்தார். விஷம் உடலில் என்ன செய்கிறது என்பதைக் குறித்தார். மாத்திரையையும் வேறு மருந்துகளையும் சோதித்தார். மாத்திரை வேலை செய்யவில்லை. பிராணிகளை இப்படிச் சாகவிடுவதை இன்று நாங்கள் எளிதில் ஏற்கமாட்டோம். ஆனால் பாஷாணத்தை நம்பி உயிர்விட்ட மனிதர்களையும் கணக்கில் எடுக்கவேண்டும்.

1787இல் சென்னை ஆளுநர் சேர் ஆர்ச்சிபால்ட் கம்பெல் கேட்டுக்கொண்டதற்கிணங்க, தான் கண்டவற்றை மாகாணத்து வைத்தியர்கள் எல்லோருக்கும் ரஸ்ஸல் எழுதி அனுப்பினார்.

அவருடைய தர்க்கத்தை எங்கள் நாட்டு எண்களில் வைத்துப் பார்க்கலாம். 2012–13 காலப்பகுதியில் இலங்கை முழுவதும் வீடு வீடாகப் போய் ஓர் ஆய்வு நடந்தது. ஆஸ்பத்திரிப் பதிவேட்டை மட்டும் பார்த்தால் பரிசாரியிடம் போனவர்கள் கணக்கில் வரமாட்டார்கள் என்பதால் இப்படிச் செய்தார்கள். ஒரே ஆண்டில் ஏறத்தாழ 80,000 பேரைப் பாம்பு கடித்திருந்தது. அவர்களில் விஷம் ஏறியவர்கள் ஏறத்தாழ 30,000 பேர். இறந்தவர்கள் 400க்கும் மேல். அதாவது கடிபட்டவர்களில் பாதிக்கும் அதிகமானோருக்கு விஷமே ஏறவில்லை. கடித்தது நஞ்சில்லாத பாம்பாக இருக்கலாம். நஞ்சுள்ள பாம்பும் சில வேளை நஞ்சைப் பாய்ச்சாமல் வெறும் பல்லை மட்டும் பதித்துவிட்டுப் போகும். இதை ‘வெற்றுக்கடி’ என்று சொல்லலாம்.

ஆக, கடிபட்ட நூறு பேருக்கு வெறும் வேப்பிலை உருண்டை கொடுத்தாலும் அறுபது பேருக்கு மேல் எந்தக் கேடுமில்லாமல் எழும்பி வருவார்கள். அந்த அறுபது பேரும் உண்மையான சாட்சிகள். அவர்களைக் கண்ட பரிசாரியும் ஏமாற்றுக்காரரல்லர், தன் கண்ணால் கண்டதைத்தான் அவர் நம்புகிறார். இந்த இறப்பு எண்ணையும் கவனமாகவே படிக்கவேண்டும். ஆஸ்பத்திரியில் மருந்தேற்றிக் காப்பாற்றப்பட்டவர்கள் போக மிஞ்சிய இறப்புகள் அவை. சிகிச்சையே இல்லாத காலத்து எண் இதைவிடப் பெரிதாகவே இருந்திருக்கும்.

ரஸ்ஸல் 1789இல் இந்தியாவை விட்டுப் போனார். கோரமண்டல் கரைப் பாம்புகள் பற்றிய வண்ணப் படங்களோடு கூடிய அவருடைய நூல் 1796இல் வெளிவந்தது. மறு ஆண்டே கண்ணாடி விரியனுக்கு விஞ்ஞான முறைப்படி அவர் பெயரைச் சூட்டினார்கள். 1803இல் விசாகபட்டினக் கரையில் சேர்த்த 200 மீன்களைப் பற்றி இன்னொரு நூல் எழுதினார். கரைவலை இழுக்கும் ஊரார் புரட்டிப் பார்க்கவேண்டிய புத்தகம் அது. 1805இல் லண்டனில் காலமானார். கண்ணாடி விரியனின் விஷம் ஆளைக் கொல்லும் என்று அவர் கண்டார். அது உடலுக்குள் எப்படி வேலை செய்கிறது என்பதை அறிய இன்னும் நூறாண்டுக்கு மேல் சென்றது.

அதை மருதமுனைக்காரருக்கு விளக்குவது எளிது, எங்கள் ஊரில் தறி இருக்கிறது. கை வெட்டுப்பட்டால் இரத்தம் ஏன் தானாக நிற்கிறது? இரத்தத்தில் பைபிரினோஜன் என்ற புரதம் கரைந்து ஓடிக்கொண்டிருக்கிறது. ஈரல் உண்டாக்கும் இதை ‘இழையாக்கி’ என்று சொல்லலாம். காயம் பட்ட இடத்தில் அது நூல் நூலாக மாறி, ஒன்றோடொன்று பின்னி, சிறிய துணி ஒன்று நெய்தது போல அந்த ஓட்டையை அடைக்கிறது. இரத்தக் கட்டியை நுணுக்குக்காட்டியில் வைத்தால் இந்த இழைகளையும் அவற்றில் சிக்கிய இரத்தக் கலங்களையும் காணலாம். நூல் சும்மா இருக்கும்போது நெய்யப்படாது. காயம் பட்டதும் ஒரு புரதம் அடுத்ததைத் தூண்ட, அது அதற்கடுத்ததைத் தூண்ட, கடைசியில்தான் தறி ஓடும். தேவையில்லாத இடத்தில் துணி விழாமலிருக்க உடல் செய்துகொண்ட ஏற்பாடு இது. இந்தப் புரதங்களுக்கு உறைதற்காரணிகள் என்று பெயர், அவற்றை எண்ணிட்டு அழைப்பார்கள்.

கண்ணாடி விரியனின் விஷம் ஐந்தாம் காரணியையும் பத்தாம் காரணியையும் நேரடியாகத் தூண்டிவிடுகிறது. காயமே இல்லாத இடங்களில், இரத்தம் ஓடும் வழியெல்லாம் தறிகள் ஒரே நேரத்தில் ஓடத் தொடங்குகின்றன. எதற்கும் உதவாத துணுக்குகளாக நெய்து நெய்து, கைவசமிருந்த நூல் முழுவதும் சில மணித்தியாலங்களில் தீர்ந்துபோகிறது. அந்தத் துணுக்குகளை உடல் கரைத்துவிடும். பிறகு முரசில் ஒரு கீறல் பட்டால் அடைக்க நூல் இல்லை. இரத்தத்தை உறையவைக்கும் விஷம் எப்படி இரத்தம் நிற்காமல் ஓடவைக்கிறது என்ற புதிருக்கு விடை இவ்வளவுதான்.

1934இல் மக்ஃபர்லேன், பார்னெட் என்ற இரண்டு ஆங்கில வைத்தியர்கள் இதையே மறுபக்கமாகத் திருப்பினார்கள். பிறவியிலேயே இரத்தம் உறையாத ஹீமோபிலியா நோயாளிகளுக்கு, மிகவும் நீர்த்த கண்ணாடி விரியன் விஷத்தைக் காயத்தின்மேல் பூசி இரத்தத்தை நிறுத்திக் காட்டினார்கள். இந்த நோயாளிகளின் உறைதற்சங்கிலி நடுவில் அறுந்திருக்கிறது. விஷம் அந்த அறுந்த இடத்தைத் தாண்டி, கீழேயுள்ள பத்தாம் காரணியைத் தொடுகிறது. இரத்தம் எந்த வரிசையில் உறைகிறது என்பதை அறியவும் இந்த விஷம் ஆய்வுகூடங்களில் உதவியது. இன்றும் இரத்தப் பரிசோதனை ஒன்றில் அது பயன்படுகிறது, பரிசோதனையின் பெயரிலும் ரஸ்ஸல் இருக்கிறார்.

எங்கள் ஆஸ்பத்திரிகளில் பாம்புக்கடியோடு வருகிறவருக்குச் செய்யும் முதற் பரிசோதனைக்கு மின்சாரம்கூடத் தேவையில்லை. இரண்டு மில்லிலீற்றர் இரத்தத்தை எடுத்து, சுத்தமான உலர்ந்த கண்ணாடிக் குழாயில் விட்டு, அசைக்காமல் 20 நிமிடம் வைப்பார்கள். பிறகு சரித்துப் பார்ப்பார்கள். கட்டியாக நின்றால் இரத்தத்தில் நூல் இருக்கிறது. தண்ணீர் போல் ஓடினால் தீர்ந்துவிட்டது, எங்கள் பகுதியில் அதற்குப் பெரும்பாலும் விரியன் விஷமே காரணம். குழாய் கண்ணாடியாகத்தான் இருக்கவேண்டும். கண்ணாடியின் மேற்பரப்பு பட்டதும் இரத்தம் உறையத் தொடங்கும், பிளாஸ்டிக்கில் அப்படித் தொடங்காது. சவர்க்காரம் போட்டுக் கழுவிய குழாயும் ஆகாது. ஆனால் இரத்தம் உறைந்துவிட்டதென்று நிம்மதியாக வீட்டுக்குப் போய்விடக் கூடாது. நல்லபாம்பின் விஷமும் கட்டுவிரியனின் விஷமும் நரம்பைத்தான் தாக்கும், இரத்தத்தை விட்டுவிடும். இலங்கையின் கண்ணாடி விரியன் நரம்பையும் சேர்த்துத் தாக்கக்கூடியது. அதனால்தான் கண் இமை சரிகிறதா என்று டொக்டர் திரும்பத் திரும்பப் பார்க்கிறார்.

விஷத்துக்கு எதிர்மருந்து உருவாக்கும் முறையைப் பிரான்சின் கால்மெட் 1890களில் கண்டார். விஷத்தைச் சிறிது சிறிதாகக் குதிரைக்கு ஏற்றினால் குதிரையின் உடல் அதற்கு எதிர்ப்பொருள் உண்டாக்கும். அந்த இரத்தத்திலிருந்து மருந்து எடுப்பார்கள். நல்லபாம்பு விஷத்தால் செய்த மருந்து எல்லாப் பாம்புக்கும் போதும் என்று முதலில் எதிர்பார்த்தார்கள். போதாது என்று பிரேசிலின் வித்தால் பிரசீல் காட்டினார். ஒவ்வொரு விஷத்துக்கும் அதற்குரிய எதிர்ப்பொருள்தான் பிடிக்கும். ரஸ்ஸலின் கேள்வி மறுபடியும் முன்னால் வந்து நின்றது: கடித்தது எந்தப் பாம்பு?

இலங்கை பயன்படுத்துவது இந்தியாவிலிருந்து வரும் மருந்து. அது நல்லபாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், எங்கள் வறண்ட கரையோரங்களிலும் உள்ள சுருட்டை விரியன் ஆகிய நாலுக்கும் எதிரானது. இலங்கையில் பலரைக் கடிக்கும், மூக்கு நுனி மேல்நோக்கி நிமிர்ந்த சிறிய விரியனுக்கு அதில் மருந்து இல்லை. குதிரைப் புரதம் என்பதால் பலருக்கு ஒவ்வாமையும் வரும். அதைத் தடுக்க ஒவ்வாமை மருந்தையும் ஸ்டீரொய்டையும் முன்கூட்டியே கொடுப்பது ஆஸ்பத்திரிகளில் நெடுநாள் வழக்கமாக இருந்தது. அந்த வழக்கத்தையும் இலங்கை வைத்தியர்கள் சோதனைக்கு உட்படுத்தினார்கள். 1,007 நோயாளிகளைக் குலுக்கல் முறையில் பிரித்து, யாருக்கு எது கொடுக்கப்பட்டதென்று நோயாளிக்கும் வைத்தியருக்கும் தெரியாமல் வைத்து ஒப்பிட்டார்கள். 2011இல் முடிவு வெளியானது. சிறிதளவு அட்ரினலின் ஊசி கடுமையான ஒவ்வாமையைத் தெளிவாகக் குறைத்தது. வழக்கமாகக் கொடுத்துவந்த மற்ற இரண்டும் பயன் தரவில்லை. தஞ்சாவூர் மாத்திரைக்கு ரஸ்ஸல் வைத்த பரீட்சையை, தங்கள் சொந்த வாட்டில் இருந்த மருந்துக்கே இவர்கள் வைத்திருக்கிறார்கள். இலங்கை மருத்துவத்தில் நான் மிகவும் மதிக்கும் வேலைகளில் இது ஒன்று.

கடிபட்டவரின் குடும்பத்துக்கு இதிலிருந்து சில விடயங்கள் நேரடியாக வருகின்றன. காலை இறுக்கிக் கட்டவேண்டாம், கீறவேண்டாம், விஷக்கல் வைக்கவேண்டாம். அவரை நடக்கவிடாமல், காலை அசையாமல் வைத்துக்கொண்டு போங்கள். பாம்பைத் தேடி இன்னொருவர் கடிபடவேண்டாம். தூரத்திலிருந்து தொலைபேசியில் ஒரு படம் கிடைத்தால் அதுவே பெரிய உதவி, கிடைக்காவிட்டாலும் அந்தக் கண்ணாடிக் குழாய் பெரும்பகுதியைச் சொல்லிவிடும்.

எதிர்மருந்து ஏற்றியபின், “இன்னும் இரத்தம் உறையல்ல எண்டு சொல்றாங்க, மருந்து வேல செய்யல்ல போல” என்று வாட்டுக்கு வெளியே உறவினர்கள் பதறுவார்கள். வேறு இடத்துக்கு மாற்றிக்கொண்டு போகவும் பேசுவார்கள். எதிர்மருந்து விஷத்தைப் பிடித்து நிறுத்தும், தீர்ந்த நூலை அது தராது. புது நூலை ஈரல்தான் உண்டாக்கவேண்டும், அதற்குச் சில மணித்தியாலங்கள் பிடிக்கும். அதனால்தான் மருந்தேற்றி ஆறு மணித்தியாலம் கழித்து அதே 20 நிமிடப் பரிசோதனையை மறுபடி செய்கிறார்கள். அப்போதும் இரத்தம் ஓடினால் இன்னொரு தடவை மருந்து ஏற்றுவார்கள், உறைந்தால் விஷம் அடங்கிவிட்டதென்று அறிவார்கள். அந்த ஆறு மணித்தியாலத்துக்கு நோயாளி அந்தக் கட்டிலிலேயே இருக்கவேண்டும்.